சீவிய உரித்து

நான் கொழும்பில் சட்டம் படித்தவள். சிட்னிக்கு வந்த புதிதில் இதை ஒரு தகுதி என்று நம்பிப் பல இடங்களில் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். என் சான்றிதழ்களைப் பரிசீலித்த குழு, நான் படித்த பாடங்களில் பெரும்பகுதி இங்கே செல்லாது, ஏறக்குறைய முழுதாகத் திரும்பப் படிக்க வேண்டும் என்று கடிதம் அனுப்பியது. செல்லாத பாடங்களின் பட்டியலில் முதலாவதாக நின்றது ரோமன் டச்சுச் சட்டம். கடிதத்தை வாசித்த என் கணவர், "பேசாம ரோமுக்குப் போயிருந்தா வேலை கெடைச்சிருக்கும்" என்றார். அவர் திருச்சிக்காரர், ஐ.டி. வேலை. அவருடைய படிப்பை எந்த நாட்டிலும் யாரும் கேள்வி கேட்டதில்லை. எனக்கு அன்று சிரிப்பு வரவில்லை.

இரண்டு சின்னப் பிள்ளைகளை வைத்துக்கொண்டு மறுபடி மூன்று வருடம் படிக்க எனக்குத் தெம்பு இருக்கவில்லை. மொழிபெயர்ப்பாளர் பரீட்சை எழுதித் தேறினேன். ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், நீதிமன்றம், சொலிசிட்டர் அலுவலகம் என்று கூப்பிட்ட இடத்துக்கெல்லாம் போய், ஒருவர் தமிழில் சொல்வதை ஆங்கிலத்திலும் மற்றவர் ஆங்கிலத்தில் சொல்வதைத் தமிழிலும் சொல்வது வேலை. ஒன்றும் கூட்டக்கூடாது, குறைக்கக்கூடாது, புத்தி சொல்லக்கூடாது. பேசுகிறவர் "எனக்கு" என்றால் நாங்களும் "எனக்கு" என்றுதான் சொல்ல வேண்டும். "அவருக்கு நெஞ்சு நோகிறதாம்" என்று சொன்னால் பிழை, "எனக்கு நெஞ்சு நோகிறது" என்றால் சரி. இப்படி ஒரே நாளில் காலையில் கர்ப்பிணியாகவும் மத்தியானம் விவாகரத்துக் கேட்கும் கணவனாகவும் இருந்திருக்கிறேன். சும்மா இருக்கச் சொன்னால் காய்ச்சல் வந்துவிடும் என்னைப் போன்ற ஒருத்திக்கு இந்த விதிகள் பெரிய தண்டனைதான். ஆனாலும் பல வருடம் ஒழுங்காக இருந்தேன். கேட்டதை வெளியில் சொல்லக்கூடாது என்பதும் ஒரு விதி. அதனால் ஆளை அடையாளம் காட்டக்கூடிய எல்லாவற்றையும் மாற்றித்தான் இதை எழுதுகிறேன்.

பரமட்டா ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில், ஐந்தாவது மாடியில், சொத்துப் பத்திரங்கள் எழுதும் வழக்கறிஞர்களின் ஒரு சொலிசிட்டர் அலுவலகம். சொலிசிட்டர் முப்பது வயதுகூட ஆகாத வெள்ளைக்காரப் பெண். மெதுவாகப் பேசுவார், மொழிபெயர்ப்பாளருக்கும் ஒரு கிளாஸ் தண்ணீர் வைப்பார். வைக்காதவர்கள் நிறையப் பேர் இருப்பதால் இதைச் சொல்கிறேன். அவருக்கு எதிரே கதிரையில் மன்னார்ப் பக்கத்துப் பெண் ஒருவர்; வயதில் மூத்த பெண்களை நாங்கள் அன்ரி என்போம். எண்பதை நெருங்கும் வயது, மெல்லிய சங்கிலியில் சிலுவை, மடியில் கறுப்புக் கைப்பை. கணவர் இறந்து சில வருடங்கள். நார்த்மீட்டில் இருவரும் சேர்ந்து வாங்கிய வீடு இப்போது அன்ரியின் பெயரில் இருந்தது. கூடவே இளைய மகள், மருமகன், பேரப்பிள்ளைகள். வீட்டை மகளின் பெயருக்கு மாற்றிவிட்டால் மகள் வங்கியில் கடன் எடுத்து மேலே ஒரு மாடி கட்டலாம். அதற்கான பத்திரம் தயாராக இருந்தது. தாய் யாருடைய வற்புறுத்தலும் இல்லாமல், விளங்கிக்கொண்டுதான் கொடுக்கிறாரா என்று தனியாக விசாரிக்க வேண்டும். அதனால் மகளை வெளியே உட்கார வைத்திருந்தார்கள்.

"வீட்டை மகளுக்குக் கொடுக்க விரும்புகிறீர்களா?" என்று சொலிசிட்டர் கேட்டார்.

"ஓம். மூத்தவளுக்கு மன்னாரில வீடு எழுதிக் குடுத்தாச்சு. இவளுக்கு ஒண்டும் குடுக்கேல்லை. இவளுக்கு இதுதான்."

"யாராவது உங்களை வற்புறுத்தினார்களா?"

"சீச்சீ. நான்தான் எழுதுவம் எண்டு சொன்னது."

"இதற்குப் பிறகு வீடு மகளுக்குச் சொந்தம். உங்களுக்குச் சொந்தமில்லை. விளங்குகிறதா?"

"ஓம், ஓம். அதுக்குத்தானே வந்தனான்."

"பிறகும் நீங்கள் அங்கேதான் இருக்கப் போகிறீர்களா?"

"வேற எங்க போறது? நான் சாகுமட்டும் அங்கதான்."

சொலிசிட்டர் குறித்துக்கொண்டார். எழுத்தைத் தலைகீழாக வாசிக்கும் பழக்கம் எனக்கு உண்டு. மகளுடன் தொடர்ந்து வசிக்கும் எண்ணம் இருக்கிறது என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தார். அன்ரி தன் எண்ணத்தைச் சொல்லவில்லை, தன் உரித்தை, உரிமையைச் சொன்னார் என்பது அந்த அறையில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

எங்கள் ஊர்களில் தாய் தகப்பன் பிள்ளைக்கு வீடு எழுதும்போது உறுதிப் பத்திரத்தில் ஒரு வரி வரும். சீவிய உரித்து எங்களுக்கே என்று. வீடு பிள்ளைக்குப் போய்விடும், ஆனால் கடைசி மூச்சு வரை அதில் இருக்கவும், வளவில் காய்க்கிற தேங்காயை எடுக்கவும் உரிமை தாய் தகப்பனுக்கு. பிள்ளை விற்கலாம், யார் தடுத்தது? வாங்குகிறவன் கிழவியோடு சேர்த்து வாங்க வேண்டும், அவ்வளவுதான். ஆகவே ஒருவரும் வாங்கமாட்டார்கள். உறுதி எழுதுகிற நொத்தாரிசு இந்த வரியை யாரும் கேட்காமலே எழுதிவிடுவார்.

இது ரோமாபுரியில் பிறந்த வரி. முதலாம் வருட வகுப்பில் பிற்பகல் இரண்டு மணிக்கு, மின்விசிறி சுற்றாத மண்டபத்தில் இதைப் படித்தோம். ஒரு பொருள் என்னுடையது என்றால் அதை நான் பயன்படுத்தலாம், அதன் பலனை எடுக்கலாம், விற்கலாம், அழிக்கலாம். ரோமானியர்கள் இதைக் கூறுபோட்டார்கள். பயன்படுத்துவதும் பலன் எடுப்பதும் ஒருவர் கையில், உடைமை இன்னொருவர் கையில் என்று பிரிக்கலாம் என்றார்கள். அவர்களை அப்படி யோசிக்க வைத்தது விதவைகளின் பிரச்சினை என்று விரிவுரையாளர் சொன்னார். சாகப்போகிற கணவன் சொத்தைப் பிள்ளைகளுக்கு விடத்தான் விரும்புவான், ஆனால் மனைவி தெருவுக்கு வந்துவிடவும் கூடாது. ஆகவே சொத்து பிள்ளைகளுக்கு, அதில் சீவிக்கும் உரிமை அவளுக்கு. ஒல்லாந்தர் அந்தச் சட்டத்தைத் தங்கள் ஊர் வழக்கங்களோடு கலந்து, கறுவாப்பட்டை வாங்க வந்த கப்பல்களில் ஏற்றிக்கொண்டு வந்து எங்கள் கரைகளில் இறக்கினார்கள். பின்னால் வந்த ஆங்கிலேயர் எத்தனையோ விஷயங்களை மாற்றினாலும் இதில் கை வைக்கவில்லை. அப்படித்தான் மன்னாரில் மீன் வியாபாரத்தில் கட்டிய ஒரு வீட்டின் உறுதிக்குள் ரோமாபுரி விதவையின் உரிமை வந்து உட்கார்ந்தது. பரீட்சைக்காக இதையெல்லாம் பாடமாக்கியபோது எனக்கு அலுப்புத்தான் வந்தது.

ஆஸ்திரேலியச் சட்டம் இங்கிலாந்து வழி வந்தது. ஆயுள்கால உரிமை இங்கேயும் உண்டு. ஆனால் யாராவது கேட்க வேண்டும், யாராவது எழுத வேண்டும், பதிவேட்டில் ஏற்ற வேண்டும். காணிப் பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறதோ அவர்தான் வீட்டுக்காரர். மேசையில் கிடந்த பத்திரத்தையும் நான் தலைகீழாக வாசித்திருந்தேன். அன்ரியின் பெயர், மகளின் பெயர், வீட்டின் இலக்கம். வேறு ஒரு வரியும் இல்லை. நாளைக்கு மகளுக்கும் மருமகனுக்கும் பிரிவு வந்தால், கடன் கட்ட முடியாமல் வங்கி வந்தால், மகள் தாய்க்கு முந்திப் போய்விட்டால், "நான் சாகுமட்டும் அங்கதான்" என்று அன்ரி சொன்னதை வைத்து வழக்குப் போட்டுப் பார்க்கலாம். எண்பது வயதில்.

கையெழுத்து அடுத்த வாரம் என்று முடிவாகியது. புத்தி சொல்லக்கூடாது என்ற விதியைக் கையில் பிடித்துக்கொண்டு லிஃப்டில் இறங்கினேன். எனக்கு என்மேலேயே கோபம் வந்தது. கோபம் வந்தால் நான் நடப்பேன்; வென்ட்வர்த்வில் வரை ரயில் ஏறாமல் நடந்தே வீட்டுக்குப் போனேன்.

அன்று சாப்பாட்டு நேரத்தில் பெயர், ஊர் ஒன்றும் சொல்லாமல் கணவரிடம் சொன்னேன். பெயர் சொல்லாவிட்டாலும் அது விதிமீறல்தான்.

"உனக்கு எதுக்கு வம்பு?" என்றார். "பெத்த பொண்ணு. அம்மாவத் தெருவுலயா விட்டுடும்?"

என் செல்லாத படிப்பை அவர்மேல் காட்டினேன். பழைய ஏதென்ஸ் நகரத்தில், வயதான பெற்றோருக்குச் சோறும் இருக்க இடமும் கொடுக்காத மகன்மேல் யார் வேண்டுமானாலும் வழக்குப் போடலாம், தோற்றால் குடிமகனுக்குரிய உரிமைகள் பறிபோகும் என்றேன். பெரிய பதவிக்குத் தெரிவானவரிடம்கூட, தாய் தகப்பனை ஒழுங்காக வைத்திருக்கிறீரா என்று கேட்டுத்தான் உள்ளே விடுவார்கள். மகனுக்கு ஒரு தொழிலும் பழக்காத தகப்பனுக்கு மட்டும் இந்தச் சலுகை கிடையாது.

"அப்ப எங்கப்பா தப்பிச்சாரு. என்னைய கம்ப்யூட்டர் படிக்க வெச்சிட்டாரே" என்று சிரித்தார். அப்பளத்தை நொறுக்கிக்கொண்டே கொஞ்சம் யோசித்துவிட்டு, "அதுக்குன்னு ஒரு சட்டமே போட்டிருக்காங்கன்னா, அங்கயும் எவனோ விட்டிருக்கான்னுதானே அர்த்தம்" என்றார். தன் கட்சிக்குத் தானே எதிராகப் பேசிவிட்டதை அவர் கவனிக்கவில்லை. நான் கவனித்தேன்.

சனிக்கிழமை ஹரிஸ் பார்க்கில் மளிகைச் சாமான் வாங்கப் போயிருந்தேன். இனிப்புக்கடை வாசலில் யாரோ என் முழங்கையைத் தொட்டார்கள். அந்த அன்ரி.

"பிள்ளை, நீங்கள்தானே அண்டைக்கு வந்தது?"

வேலைக்கு வெளியே கட்சிக்காரரோடு கதைக்கக்கூடாது. ஆனால் வயதான ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கும்போது விதியைச் சொல்லி ஓட என்னால் முடியவில்லை. எழுதுகிற அன்று அலுவலகத்தில் எல்லோருக்கும் கொடுக்க லட்டு வாங்க வந்ததாகச் சொன்னார். மருமகன் காரில் இருக்கிறாராம்.

"மூத்தவளுக்கு எழுதேக்கையும் இனிப்புக் குடுத்தனாங்கள். அந்த நொத்தாரிசு நல்ல மனுசன். ஒரு கேள்வியும் கேக்கேல்லை, சீவிய உரித்தைத் தானே எழுதிப்போட்டார். இங்கத்தைச் சொலிசிட்டர்ப் பிள்ளை அதைப்பற்றி வாயே திறக்கேல்லை. அவையளும் தாங்களே எழுதுவினம், என்ன?"

நேராகக் கேட்டுவிட்டார். இல்லை, எழுதமாட்டார்கள் என்ற பதில் என் நாக்கு நுனியில் நின்றது. "அதை நீங்கள் அந்த சொலிசிட்டரிட்டத்தான் கேக்கோணும், அன்ரி" என்றேன்.

"ஐயோ, அதை எப்பிடிக் கேக்கிறது?" என்று உண்மையாகவே கூச்சப்பட்டார். "பிள்ளையில நம்பிக்கை இல்லாத மாதிரியெல்லோ போகும். நான் கேக்கமாட்டன். போட்டு வாறன், மருமகன் பாத்துக்கொண்டிருக்கிறார்."

மளிகைப் பையோடு அங்கேயே கொஞ்ச நேரம் நின்றேன். நொத்தாரிசு ஏன் கேட்காமலே எழுதுகிறார் என்பது சட்டக் கல்லூரியில் யாரும் சொல்லித்தராத விஷயம். பெற்றவர்கள் வாய் திறந்து கேட்க வேண்டியில்லாமல் வழக்கமே அதைக் கேட்டுவிடுகிறது. பிள்ளையின் முகத்தைப் பார்த்து, என்னை வெளியே அனுப்பமாட்டாய்தானே என்று ஒரு தாயும் கேட்கத் தேவையில்லை. இங்கே அந்த வழக்கம் இல்லை. அன்ரி கேட்கப் போவதும் இல்லை. கேட்காமல் கையெழுத்து வைத்துவிட்டு லட்டுக் கொடுப்பார்.

அடுத்த வாரம் அதே அறை, அதே கதிரைகள். அன்ரியின் மடியில் கைப்பையோடு லட்டுப் பெட்டியும் இருந்தது. சொலிசிட்டர் பத்திரத்தைத் திருப்பிப் பேனையை நீட்டினார். இரு தரப்பும் வெவ்வேறு விதமாக விளங்கிக்கொண்டிருப்பதாகத் தெரிந்தால் மொழிபெயர்ப்பாளர் அதைச் சுட்டிக்காட்டலாம் என்று எங்கள் விதிகளில் ஒரு சின்ன ஓட்டை உண்டு. நான் அதற்குள் நுழைந்தேன். நாங்கள் எங்களுக்காகப் பேசும்போது "நான்" என்று சொல்லக்கூடாது. ஆகவே ஆங்கிலத்தில் இப்படிச் சொன்னேன்: மொழிபெயர்ப்பாளர் ஒன்றைத் தெரிவிக்க விரும்புகிறார். கட்சிக்காரரின் நாட்டில் இப்படியான பத்திரங்களில், பெற்றவர் சாகும்வரை அந்த வீட்டில் இருக்கும் உரிமை யாரும் கேட்காமலே எழுதப்படும். அது இதிலும் இருக்கிறது என்று கட்சிக்காரர் நினைத்திருக்கலாம்.

பிறகு நான் சொன்னதை அன்ரிக்குத் தமிழில் சொன்னேன். அவர் பத்திரத்தைப் பார்த்தார். அவருக்கு ஆங்கிலம் வாசிக்க வராது. ஆனாலும் பார்த்தார்.

"அப்ப இதில இல்லையோ?"

இல்லை என்றார் சொலிசிட்டர். அவருடைய முகம் சிவந்துவிட்டது.

அன்ரி என் பக்கம் திரும்பினார். "நீங்கள் ஏன் பிள்ளை அதைச் சொன்னனீங்கள்?"

அதையும் நான் ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். சொன்னேன். மொழிபெயர்ப்பாளர் சொன்னது நல்லது என்று சொலிசிட்டர் பதில் சொன்னார். அதைத் தமிழில் சொன்னேன். என்னைப் பற்றிய விசாரணையை நானே இரண்டு மொழியில் நடத்திக்கொண்டிருந்தேன்.

இரண்டு வழி இருப்பதாக சொலிசிட்டர் விளக்கினார். ஆயுள்கால உரிமையைப் பதிவேட்டில் ஏற்றலாம், ஆனால் அப்படி ஏற்றிய வீட்டுக்குக் கடன் கொடுக்க வங்கி தயங்கும். அல்லது, அன்ரி தன் ஆயுள் முழுதும் அந்த வீட்டில் இருக்கலாம் என்று தாயும் மகளும் ஓர் ஒப்பந்தம் எழுதலாம். வயதானவர்கள் வீட்டைப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டுக் கூடவே இருப்பதற்கு இங்கே வழக்கமாகச் செய்வதுதான். மகளை உள்ளே கூப்பிட்டார்கள். நாற்பதைத் தாண்டியவர், முதியோர் இல்லத்தில் நர்ஸ், காலை வேலை முடிந்து சீருடைக்கு மேல் ஜாக்கெட் போட்டுக்கொண்டு வந்திருந்தார். சொலிசிட்டர் சொன்னதை முழுதாகக் கேட்டார்.

"இது அம்மா கேட்டதா?" என்றார் ஆங்கிலத்தில்.

நான் மொழிபெயர்க்க முன்னமே, "நான் கேக்கேல்லை, நான் கேக்கேல்லை" என்று அன்ரி அவசரமாகச் சொன்னார். மகள் என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையை நான் இன்னும் மறக்கவில்லை. ஒப்பந்தத்தைத் தனக்கென்று வேறொரு சொலிசிட்டரிடம் காட்டிவிட்டு வருவதாகச் சொன்னார். லட்டுப் பெட்டி திறக்கப்படாமல் வீட்டுக்குத் திரும்பியது.

மூன்றாம் தடவை போகும்போது எனக்குக் கொஞ்சம் பெருமை இருந்தது என்பதை ஒத்துக்கொள்ள வேண்டும். செல்லாத படிப்பு ஒரு கிழவியின் கூரையைக் காப்பாற்றிவிட்டது என்று ரயிலில் நினைத்துக்கொண்டு போனேன். கணவரிடம் சொல்ல வசனம்கூடத் தயார்.

மேசையில் இரண்டு பக்க ஒப்பந்தம் இருந்தது. ஓர் இடத்தில் மஞ்சள் நிறம் பூசியிருந்தது. மகள் ஒரு திருத்தம் கேட்டிருக்கிறார் என்று சொலிசிட்டர் சொன்னார். ஆயுள் முழுதும் என்று இருந்த இடத்தில், தன்னைத் தானே பார்த்துக்கொள்ள முடியும் காலம் வரை என்று மாற்றியிருந்தார்கள். தன் கட்சிக்காரரான அன்ரிக்கு இதைச் சிபாரிசு செய்ய முடியாது என்றும், காரணத்தை மகளே தாயிடம் சொன்னால் நல்லது என்றும் சொலிசிட்டர் சொன்னார்.

மகளுக்குத் தமிழ் தெரியும். வீட்டில் தாயோடு தமிழில்தான் பேசுவார். ஆனால் அன்று மேசையைப் பார்த்துக்கொண்டு ஆங்கிலத்தில் பேசினார். தமிழில் சொல்வதென்றால் தாயின் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும். அதற்குத்தான் நான் இருக்கிறேனே. அவர் ஒவ்வொரு வசனமாகச் சொல்லிச் சொல்லி நிறுத்த, நான் அவராக இருந்து அன்ரிக்குச் சொன்னேன்.

"அம்மா, நான் வேலை செய்யிற இடத்தில ஒவ்வொரு நாளும் பாக்கிறன். எழும்ப ஏலாத ஆக்கள். சொந்தப் பிள்ளையையே தெரியாத ஆக்கள். அம்மாவுக்கு அப்பிடி வந்தால் என்னால தனியப் பாக்க ஏலாது. ஆக்களைத் தூக்கித் தூக்கி எனக்கு ஏற்கனவே முதுகு சரியில்லை. மாத்திரை போட்டுக்கொண்டுதான் வேலைக்குப் போறன். அந்த நேரம் நான் அம்மாவை ஒரு இடத்தில விடவேண்டி வந்தால், குடுத்த வாக்கை மீறினவள் எண்டு என்னை நானே சொல்லிக்கொண்டு இருக்க ஏலாது."

அதில் ஒரு பொய்யும் இல்லை. மகள் கெட்டவர் இல்லை. கெட்டவராக இருந்திருந்தால் மஞ்சள் பூசாமல் கையெழுத்துப் போட்டுவிட்டு, நேரம் வரும்போது செய்ய வேண்டியதைச் செய்திருப்பார். ரோமானியர் சட்டத்தில் இந்த உரிமை எப்போதெல்லாம் முடியும் என்ற பட்டியல் எனக்கு அந்த நேரத்தில் வரிசை தவறாமல் ஞாபகம் வந்தது. இறப்பு. குடியுரிமை இழப்பு. நீண்ட காலம் பயன்படுத்தாமை. நோய் அதில் இல்லை. அதை யாரும் என்னிடம் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அந்தப் பட்டியலை எழுதியவர்கள் யாரும் தங்கள் தாயைக் கட்டிலில் இருந்து தூக்கியிருக்கமாட்டார்கள். வீட்டில் அடிமைகள் இருந்தார்கள்.

அன்ரி முழு நேரமும் என்னைப் பார்க்கவில்லை, மகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். முடிந்ததும் தலையை ஆட்டினார்.

"அதையும் எழுதச் சொல்லுங்கோ, பிள்ளை" என்றார். "எழுதினாத்தான் எப்ப வீட்டை விட்டு வெளிக்கிடோணும் எண்டு எனக்குத் தெரியும்."

அதில் குத்தல் இல்லை. பஸ் நேரம் கேட்கிற குரலில்தான் சொன்னார். மகளின் கை வாயைப் பொத்திக்கொண்டது. சொலிசிட்டர் ஒன்றும் விளங்காமல் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் அதை ஆங்கிலத்தில், "எனக்கு" என்று சொல்லியே முடிக்க வேண்டும். சொன்னேன். நடுவில் நிறுத்தித் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் முடித்தேன். அத்தனை வருட வேலையில் அதுதான் முதல் தடவை.

மகள் எழுந்து போய் ஜன்னல் பக்கம் நின்றார். திரும்பி வந்தபோது, பழைய வரியையே போடச் சொன்னார். யோசிக்க நேரம் எடுக்கலாம் என்று சொலிசிட்டர் சொன்னார், ஒரு தடவைக்கு இரண்டு தடவை கேட்டார். வேண்டாம், ஆயுள் முழுதும் என்று போடுங்கள் என்றார் மகள். அன்ரி, "அவள் சொன்னதும் சரிதான்" என்றார். நான் அதை மொழிபெயர்த்தேன். மகள் தலையசைத்து மறுத்தார். புதிய பக்கம் அச்சடித்து வந்தது. முதலில் மகள், பிறகு தாய். அன்ரி தமிழில் கையெழுத்து வைத்தார், ஒவ்வோர் எழுத்தாக.

காரை எடுத்து வர மகள் முன்னால் போய்விட்டார். நானும் அன்ரியும் ஒன்றாக இறங்கிக் கட்டட வாசலில் நின்றோம். என் வேலை முடிந்திருந்தது. ஏசுவார் அல்லது நன்றி சொல்வார் என்று எதிர்பார்த்தேன். இரண்டுக்கும் தயாராக இருந்தேன். அவர் கைப்பையை ஒரு கையிலிருந்து மற்றக் கைக்கு மாற்றினார்.

"முதுகு நோகுது எண்டு அவள் எனக்கு ஒருக்காலும் சொல்லேல்லை" என்றார். "ஒரே வீட்டிலதான் இருக்கிறம். எத்தினை நாளா நோகுதாம், பிள்ளை?"

அவருக்கு அதைச் சொன்ன வாய் என்னுடையதுதான். எனக்குத் தெரியாது என்றேன். மகளின் கார் வந்து நின்றது. மகள் இறங்கிக் கதவைத் திறக்கப் போனார். அன்ரி, "நீ இரு, நீ இரு, நான் ஏறுவன்" என்று சொல்லிக்கொண்டு, கதவைத் தானே இழுத்துத் திறந்து, மெதுவாக ஏறிக்கொண்டார்.